வினாவும் வகுப்பறையும்: கிள்ளான் பள்ளத்தாக்குத் தமிழ்ப் பள்ளிகள் காட்டும் வரலாறு

1912ஆம் ஆண்டில், ஒன்றையொன்று அறியாத இரண்டு செயல்கள் உலகின் இரு கோடிகளில் நிகழ்ந்தன. சிலாங்கூரை உள்ளிட்ட ஐக்கிய மலாய் மாநிலங்களில் தொழிலாளர் சட்டம் ஒன்று இயற்றப்பட்டது. பள்ளி வயதுப் பிள்ளைகள் பத்துப் பேரோ அதற்கு மேற்பட்டோரோ வாழும் தோட்டங்களில் பள்ளிக்கூடம் வைக்குமாறு முதலாளிகளைக் கட்டுப்படுத்த அச்சட்டம் வழி செய்தது. அதே ஆண்டில் அமெரிக்காவில் ரோமியட் ஸ்டீவன்ஸ் என்னும் அம்மையார் பள்ளி வகுப்புகளில் அமர்ந்து ஆசிரியர்கள் கேட்கும் வினாக்களை எண்ணி, அதன் முடிவை ஒரு நூலாக வெளியிட்டார். ஓர் ஆசிரியர் ஒரு நாளில் ஏறத்தாழ 395 வினாக்கள் கேட்கிறார் என்றும், அவற்றுள் மூன்றில் இரண்டு பங்கு பாடநூலில் உள்ளதை அப்படியே நினைவுகூரச் செய்யும் வினாக்களே என்றும் அவர் கண்டார்.

முதற்செயல் பள்ளியைத் தந்தது. இரண்டாவது, பள்ளிக்குள் நிகழ்வது யாது என்று கேட்டது. கிள்ளான் ஆற்றின் இரு கரையிலும் எழுந்த தமிழ்ப் பள்ளிகளின் வரலாற்றை இவ்விரண்டாவது கேள்வியைக் கொண்டு நோக்குவோர் மிகச் சிலரே. கட்டடம், மானியம், மாணவர் தொகை, தேர்ச்சி விழுக்காடு ஆகியவற்றைப் பற்றி எழுதப்பட்டவை பல. அக்கட்டடத்தினுள் வினா கேட்டவர் யார், விடை சொன்னவர் யார், வினாவ அஞ்சியவர் யார் என்பது தனி வரலாறாகும்.

வினாவின் ஆறு வகை

வினாவை வகைப்படுத்திக் காணும் முயற்சி தமிழுக்குப் புதிதன்று. 13ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில், சீயகங்கன் என்னும் அரசன் வேண்ட, பவணந்தி முனிவர் இயற்றிய நன்னூல் வினாவை ஆறாகப் பகுத்தது. அவை அறிவினா, அறியா வினா, ஐயவினா, கொளல் வினா, கொடை வினா, ஏவல் வினா என்பன.

தான் விடையை அறிந்திருந்தும், பிறன் அறிவானோ என்று காணும்பொருட்டுக் கேட்பது அறிவினா. ஆசிரியன் மாணாக்கனிடம் பொருள் கேட்பதை இதற்கு எடுத்துக்காட்டுவர். தான் அறியாததை அறிந்துகொள்ளக் கேட்பது அறியா வினா. இது மாணாக்கன் ஆசிரியனிடம் கேட்பது. கிடப்பது கயிறோ பாம்போ என்று இரண்டனுள் ஒன்றைத் துணிய இயலாது கேட்பது ஐயவினா. கடைக்குச் சென்று பருப்பு உண்டா என்பது கொளல் வினா. இல்லாதவனை நோக்கி உனக்கு உடை இல்லையா என்று, கொடுக்கும் கருத்தோடு கேட்பது கொடை வினா. பாடம் படித்தாயா என்று, படி என்னும் ஏவலை உள்ளடக்கிக் கேட்பது ஏவல் வினா.

இப்பாகுபாடு இலக்கணத்துக்காகச் செய்யப்பட்டதே எனினும், வகுப்பறையை அளந்து பார்க்க இதனினும் எளிய கோல் கிடைப்பது அரிது. ஸ்டீவன்ஸ் அம்மையார் எண்ணிய வினாக்களுள் மிகப் பெரும்பாலானவை அறிவினாக்களே. ஆசிரியர் விடையை அறிவார். ஆசிரியர் அறிவார் என்பதை மாணவரும் அறிவர். ஆகவே மாணவர் தேடுவது உண்மையை அன்று, ஆசிரியர் உள்ளத்தில் இருக்கும் சொல்லை. வகுப்பில் அறியா வினா எழுவதோ அரிது. அஃது எழுந்த நாளே கல்வி நிகழ்ந்த நாள் எனலாம்.

நன்னூலின் பொதுப்பாயிரம் இதனை உணர்ந்தே அமைந்துள்ளது. மாணாக்கன் பாடம் கேட்கும் முறையைக் கூறுமிடத்து, கேட்டதை உள்ளத்தில் இருத்துவதோடு நில்லாது, ஆசிரியனை வினவுதலையும் அவன் வினவியவற்றுக்கு விடை கூறுதலையும் கடமையாகச் சேர்த்துள்ளார் பவணந்தியார். அதனினும் வியப்புக்குரியது அவர் தரும் கணக்கு. ஆசிரியர் உரைப்பதை முற்றக் கேட்டாலும் புலமையில் காற்பங்கே கிடைக்கும். உடன் பயில்வாரோடு கலந்து பழகுவதால் மற்றொரு காற்பங்கு வரும். எஞ்சிய அரைப்பங்கு பிறர்க்கு எடுத்துரைக்கும்போதே நிறையும் என்பது அவர் கருத்து. அஃதாவது ஆசிரியர் பேச்சினால் மட்டும் முக்காற் பங்கு கல்வி வாராது. மாணவர் வாய் திறந்தாலன்றி அது நிறைவுறாது.

உரையாசிரியர் காட்டிய நெறி

தமிழ் உரைநடையின் பழைய வடிவங்களுள் ஒன்றே வினாவையும் விடையையும் அடிப்படையாகக் கொண்டது. இறையனார் களவியல் உரை, ஏறத்தாழ 8ஆம் நூற்றாண்டில் இன்றைய வடிவம் பெற்றதாகக் கருதப்படுவது. ஒரு கருத்தை நாட்டியவுடன் அதற்கு எழக்கூடிய தடையைத் தானே எழுப்பி, அதற்கு விடை கூறி, அவ்விடையிலிருந்து அடுத்த தடையைத் தோற்றுவித்துச் செல்வது அவ்வுரையின் போக்கு. ஆசிரியரும் மாணாக்கரும் வழிவழியாக வாய்மொழியில் கைமாற்றிய உரை அது என்று அந்நூலே கூறும். வகுப்பறையின் ஓசை ஏட்டில் படிந்து நின்றதற்கு அஃது ஒரு சான்று.

கிரேக்க நாட்டுச் சாக்ரடீசின் பெயரும் இத்துறையில் தவறாது கூறப்படும். பிளேட்டோவின் மேனோ என்னும் உரையாடலில், கல்லாத அடிமைச் சிறுவன் ஒருவனை வினாக்களாலேயே வடிவ கணித உண்மை ஒன்றுக்கு அவர் அழைத்துச் செல்கிறார். ஆயினும் அப்பகுதியை ஊன்றிப் படிப்போர்க்கு ஒன்று புலப்படும். அச்சிறுவனின் விடைகளுட் பல, ஆம் என்றும் அவ்வாறே என்றும் தலையசைப்பவையே. வினா வடிவில் பேசிவிட்டால் மட்டும் மாணவன் சிந்தித்தான் என்று கொள்ள இயலாது. வினாவுக்குள் விடையைப் பொதிந்து வைத்து ஒப்புதலை மட்டும் பெறுவது, விரிவுரையின் மற்றொரு வடிவமே ஆகும்.

திண்ணையும் வினாவிடை நூலும்

மலாயாவுக்குத் தமிழ்க் கல்வி வந்த வழி பழமையானது. பினாங்கு இலவசப் பள்ளி தொடங்கப்பெற்ற 1816ஆம் ஆண்டிலேயே அங்குத் தமிழ் வகுப்பும் தோன்றியது என்பது பொதுவாக ஏற்கப்பட்ட செய்தி. ஆயினும் தோட்டங்களுக்கு வந்த மக்கள் தம்மோடு கொணர்ந்த பள்ளி நினைவு திண்ணைப் பள்ளியே. ஆத்திசூடி, கொன்றை வேந்தன், எண்சுவடி ஆகியவற்றை மனப்பாடம் செய்வதும், மணலில் எழுத்துப் பழகுவதும், முறை வைத்து ஒப்பிப்பதும், சட்டாம்பிள்ளை சிறுவர்க்குச் சொல்லிக் கொடுப்பதும் அதன் இயல்புகள்.

திண்ணைப் பள்ளியை வெறும் ஒப்புவித்தற் கூடம் என்று இகழ்வது முறையன்று. அச்சு நூல் அருகிய காலத்தில் நினைவே நூலகம். மேலும் மூத்த மாணவன் இளையவனுக்குக் கற்பிக்கும் முறை, நன்னூல் கூறிய அரைப்பங்கு கல்விக்கு இடம் தந்தது. 1789இல் சென்னை எழும்பூரில் படைவீரரின் ஆதரவற்ற பிள்ளைகளுக்கான பள்ளியின் பொறுப்பை ஏற்ற ஆண்ட்ரூ பெல் என்பார், நாட்டுப் பள்ளியில் சிறுவர் மணலில் எழுதக் கண்டு, அதனையும் மாணவர் மாணவர்க்குக் கற்பிக்கும் முறையையும் கையாண்டார். 1797இல் அதனை அவர் நூலாக்கவே, மதராஸ் முறை என்னும் பெயரோடு அஃது இங்கிலாந்திலும் பிற நாடுகளிலும் பரவிற்று.

இரண்டாவது ஊற்று வினாவிடை நூல்கள். தமிழில் அச்சேறிய மிகப் பழைய நூல்களுள் ஒன்றாகிய கிரீசித்தியானி வணக்கம் 1579இல் கொச்சியில் வெளிவந்தது. அஃது ஆசிரியனும் மாணாக்கனும் உரையாடும் வடிவில் சமயம் கற்பிப்பது. 19ஆம் நூற்றாண்டில் யாழ்ப்பாணத்து ஆறுமுக நாவலர், 1848இல் வண்ணார்பண்ணையில் சைவப்பிரகாச வித்தியாசாலையை நிறுவியதோடு, பாலபாடங்களையும் சைவ வினாவிடை நூல்களையும் எழுதினார். மிஷனரிகளின் கல்விமுறையை உள்ளிருந்து அறிந்த அவர், அதன் கருவியையே தம் மரபுக்கு ஆக்கிக்கொண்டார்.

கோலாலம்பூரின் பிரிக்பீல்ட்ஸ் பகுதியில் இந்த ஊற்றின் நீர் வந்து சேர்ந்தது. இருப்புப்பாதைத் துறையிலும் அரசு அலுவலகங்களிலும் எழுத்தராகப் பணியாற்ற வந்த யாழ்ப்பாணத் தமிழர் அங்குக் குடியேறினர். 1904இல் விவேகானந்த ஆசிரமம் அவர்கள் முயற்சியால் தோன்றியது. அதனை அடுத்து அப்பெயர் தாங்கிய தமிழ்ப் பள்ளியும் எழுந்தது. நாவலர் மரபில் பயின்று வந்த பெற்றோர்க்குக் கல்வி என்பது தெளிவான வினாவும் திருத்தமான விடையும் ஆகும்.

வினாவிடை நூலின் நலம் அதன் ஒழுங்கு. பொருளைப் பகுத்து, ஒன்றன்பின் ஒன்றாக அடுக்கி, சிறுவன் நாவில் நிற்குமாறு செய்வதில் அதற்கு நிகரில்லை. குறையும் அங்கேயே உள்ளது. அதில் வினாவும் ஆசிரியருடையது, விடையும் ஆசிரியருடையது. மாணவன் இரவல் குரலே. களவியல் உரையில் தடை எழுப்பும் மாணாக்கன், அச்சிட்ட வினாவிடையில் காணாமற் போய்விட்டான்.

தோட்டப் பள்ளியின் மௌனம்

பிரிக்பீல்ட்சிலிருந்து மேற்கே செல்லும் இருப்புப்பாதை கிள்ளானை நோக்கிச் செல்கிறது. 1886இல் தொடங்கப்பட்ட அப்பாதையின் இருபுறத்தும் பின்னர் ரப்பர்த் தோட்டங்கள் விரிந்தன. 1912ஆம் ஆண்டுச் சட்டத்தால் எழுந்த பள்ளிகளுட் பல, லயத்துக்கு அருகே ஒரே அறையைக் கொண்டவை. ஒரே ஆசிரியர் பல வகுப்புகளையும் ஒருங்கே நடத்த வேண்டும். பயிற்சி பெற்ற ஆசிரியர் கிடையாத இடங்களில் கங்காணியோ, கிராணியோ, எழுதப் படிக்கத் தெரிந்த தொழிலாளியோ அப்பணியைப் பார்த்ததும் உண்டு. வளர்ந்த பிள்ளைகள் காலையில் பால்மரக் காட்டில் பெற்றோர்க்குத் துணை செய்துவிட்டே பள்ளிக்கு வருவர்.

அத்தகைய அறையில் எவ்வகை வினா எழும்? நான்கு வகுப்புகளை ஒருங்கே அடக்கி வைக்க வேண்டிய ஆசிரியர்க்கு ஏவல் வினாவே முதற்கருவி. எழுதினாயா, முடித்தாயா, ஏன் பேசுகிறாய் என்பன அவர் நாளெல்லாம் கேட்பவை. அடுத்தது அறிவினா. மேற்பார்வையாளர் வந்து கேட்கும்போது பிள்ளைகள் சரியான விடையைச் சொல்ல வேண்டுமே என்ற கவலை அதற்குக் காரணம். இங்கிலாந்தில் 1862ஆம் ஆண்டின் கல்வி விதிகள், மாணவர் தேர்ச்சியைக் கணக்கிட்டுப் பள்ளிக்குப் பணம் தரும் முறையைக் கொணர்ந்தன. அம்முறை மதராஸ் மாகாணத்திலும் வேரூன்றியது. இங்கிலாந்தில் 19ஆம் நூற்றாண்டு முடியுமுன்னரே அது கைவிடப்பட்டது. ஆனால் வினா என்பது சோதனைக்கே உரியது என்னும் எண்ணத்தை அஃது ஆசிரியர் உள்ளங்களில் ஊன்றிச் சென்றது. மதராஸ் மாகாணத்திலிருந்து வந்த ஆசிரியரோடும் பாடநூலோடும் அவ்வெண்ணமும் கப்பலேறி வந்தது.

பாடநூலின் தன்மையும் வினாவின் வாயை அடைத்தது. போருக்கு முன் தோட்டப் பள்ளிகளில் வழங்கியவை பெரும்பாலும் தமிழகத்து நூல்கள். கிள்ளான் ஆற்றருகே வாழும் சிறுவன் காவிரியின் கிளையாறுகளை ஒப்பித்தான். கண்ணால் காணாததைப் பற்றி எவரும் ஐயுறுவது அரிது. பால்மரத்தில் காலையில் மட்டும் ஏன் பால் மிகுதியாக வடிகிறது என்று அவன் கேட்டிருக்கக்கூடும். அவ்வினாவுக்கு நூலில் இடம் இல்லை.

கிள்ளான், 1941

இதனினும் ஆழமான காரணம் ஒன்று உண்டு. வினாவுவது ஓர் உரிமை. உரிமை இல்லாத இடத்தில் வினாவும் இராது. தோட்டத்தில் துரை எதிர்ப்பட்டால் தொழிலாளி மிதிவண்டியிலிருந்து இறங்கி நிற்க வேண்டும் என்ற வழக்கம் இருந்தது. தந்தை இறங்கி நிற்கக் கண்ட மகன், ஆசிரியரை நோக்கி ஏன் என்று கேட்பான் என எதிர்பார்ப்பது எங்ஙனம்? பள்ளியின் மௌனம் பள்ளியில் மட்டும் பிறந்ததன்று. லயத்தில் பிறந்து பள்ளிக்கு நடந்து வந்தது அது.

1941ஆம் ஆண்டில் கிள்ளான் வட்டாரத் தோட்டத் தொழிலாளர் வேலை நிறுத்தத்தில் இறங்கினர். கிள்ளான் மாவட்ட இந்தியர் சங்கத்தைச் சேர்ந்த ஆர்.எச். நாதன் அதன் தலைவர்களுள் ஒருவர். தமிழ் நேசன் நாளிதழின் துணையாசிரியராக இருந்தவர் அவர். தொழிலாளர் முன்வைத்த கோரிக்கைகள், சீனத் தொழிலாளர்க்கு இணையான கூலியோடு நிற்கவில்லை. மிதிவண்டியிலிருந்து இறங்கும் இழிவு நீங்க வேண்டும், பெண்களிடம் தகாது நடத்தல் ஒழிய வேண்டும், கள்ளுக்கடைகள் மூடப்பட வேண்டும், பேசவும் கூடவும் உரிமை வேண்டும் என்பவற்றோடு, பிள்ளைகளுக்கு முறையான கல்வி வேண்டும் என்பதும் அப்பட்டியலில் இருந்தது. மே மாதத்தில் நாதன் சிறை செய்யப்பட்டு, பின்னர் நாடு கடத்தப்பட்டார். படை வரவழைக்கப்பட்டது. உயிர்களும் பலியாயின.

பேச்சுரிமையும் பிள்ளைகளின் கல்வியும் ஒரே பட்டியலில் இடம்பெற்றது தற்செயல் அன்று. முறையான கல்வி என்பது கூரையும் கரும்பலகையும் மட்டுமன்று என்பதை, எழுத்தறியாதவரும் தம் வாழ்வால் உணர்ந்திருந்தனர். கிள்ளான் வரலாற்றில் தொழிலாளர் எழுப்பிய அவ்வினா, நன்னூலார் கூறும் ஆறனுள் எதிலும் எளிதில் அடங்காதது. விடையை அறிந்தே கேட்டனர். ஆனால் விடை கூற வேண்டியவர் அவர்களினும் வலியவர்.

பல்கலைக்கழகமும் பழைய மரபும்

போருக்குப் பின் தமிழ்ப் பள்ளியின் இருப்பே வினாவுக்கு உள்ளாயிற்று. 1951ஆம் ஆண்டு பார்ன்ஸ் அறிக்கை, மலாயும் ஆங்கிலமும் பயிற்றுமொழியாகக் கொண்ட தேசியப் பள்ளிகளைப் பரிந்துரைத்தது. இந்தியர் பலர் அதனை எதிர்த்தனர். 1956ஆம் ஆண்டு ரசாக் அறிக்கையும் 1957ஆம் ஆண்டுக் கல்விச் சட்டமும், பொதுப் பாடத்திட்டத்தின்கீழ்த் தமிழ்த் தொடக்கப் பள்ளிகளுக்கு இடம் தந்தன. காவிரியோடு கிள்ளான் ஆறும் பாடமாக வாய்ப்புப் பிறந்தது அப்போதுதான்.

1956இல் சிங்கப்பூரில் தொடங்கப்பெற்ற மலாயாப் பல்கலைக்கழக இந்திய ஆய்வியல் துறை, 1959இல் கோலாலம்பூருக்கு இடம்பெயர்ந்தது. பிரிக்பீல்ட்சிலிருந்து தொலைவில் இல்லாத பந்தாய்ப் பகுதியில் அமைந்த அப்பல்கலைக்கழகத்துக்கு, 1961இல் தனிநாயக அடிகள் துறைத்தலைவராக வந்தார். 1966 ஏப்ரலில் கோலாலம்பூரில் முதல் உலகத் தமிழ் ஆராய்ச்சி மாநாட்டை நடத்தியவர் என்று அவரைப் பலரும் அறிவர். கல்வியியலே அவர் முறையாகப் பயின்று பயிற்றிய துறை என்பதை அறிந்தோர் சிலர். இலங்கைப் பல்கலைக்கழகத்தில் கல்வியியல் விரிவுரையாளராக விளங்கிய அவர், இலண்டன் பல்கலைக்கழகத்தில் முனைவர் பட்டத்துக்கு ஆராய்ந்தது பழந்தமிழ் இலக்கியத்தில் காணும் கல்விச் சிந்தனையையே. பழைய இலக்கியத்தைக் கற்பிக்கும் நெறிக்கும் சான்றாகக் கொள்ளலாம் என்பதை உலக அறிஞர் முன் நாட்டியவருள் அவர் முதன்மையானவர்.

தேர்வுத் தாளும் வினாவும்

1957இல் 880க்கும் மேலாக இருந்த தமிழ்ப் பள்ளிகள் இன்று ஏறத்தாழ 530 ஆகக் குறைந்துள்ளன. தோட்டங்கள் வீடமைப்புப் பகுதிகளாக மாறியபோது பள்ளிகள் சில மூடப்பட்டன, சில நகருக்குப் பெயர்ந்தன. கிள்ளானில் உள்ள சிம்பாங் லீமா தமிழ்ப் பள்ளி நாட்டின் மிகப் பெரிய தமிழ்ப் பள்ளிகளுள் ஒன்றாக வளர்ந்ததும் இக்கால மாற்றத்தின் மறுபக்கமே.

பள்ளிகள் உருமாறினும் வினா எளிதில் உருமாறவில்லை. 1988இல் தொடக்கப் பள்ளி இறுதித் தேர்வாகிய யு.பி.எஸ்.ஆர். வந்தது. தமிழ்ப் பள்ளி மீது ஐயம் கொண்ட பெற்றோர்க்கு விடையாக அமைந்தது அத்தேர்வின் முடிவே. ஆகவே ஆசிரியர் அதனைப் பெரிதாகக் கொண்டதில் குற்றம் காண்பதற்கில்லை. ஆயினும் பழைய மேற்பார்வையாளரின் நாற்காலியில் தேர்வுத்தாள் வந்து அமர்ந்துகொண்டது. முன்னைய ஆண்டுகளின் வினாத்தாள்களைப் பயில்வதே பாடமாயிற்று.

அதன் விளைவு தமிழ்ப் பள்ளிக்கு மட்டும் உரியதன்று. டிம்ஸ் என்னும் உலகக் கணித, அறிவியல் ஆய்வில், 1999இல் 519 ஆக இருந்த மலேசியாவின் கணிதச் சராசரி 2011இல் 440 ஆக இறங்கியது. 2013 முதல் 2025 வரைக்குமாக வகுக்கப்பட்ட மலேசியக் கல்விப் பெருந்திட்டம் இக்குறையைக் கருத்திற்கொண்டு, யு.பி.எஸ்.ஆர். தேர்வில் குறைந்தது 40 விழுக்காடு வினாக்கள் உயர்நிலைச் சிந்தனையைச் சோதிப்பனவாக 2016க்குள் அமைய வேண்டும் என்றது. வினாக்களை நினைவு, புரிதல், பயன்படுத்தல், பகுத்தாய்தல் என்று படிப்படியாக அடுக்கிய புளூம் குழுவினரின் 1956ஆம் ஆண்டு நூல் இக்கருத்துக்கு மூலம். தேர்வு 2021இல் அடியோடு நீக்கப்பட்டது.

இங்கே ஒரு முரண் தோன்றியதைக் கருத வேண்டும். உயர்நிலை வினாவும் தேர்வுத்தாளில் வந்துவிட்டால், அதற்கும் மாதிரி விடை அச்சாகும், அவ்விடையும் மனப்பாடம் ஆகும். ஏன் என்று தொடங்குவதால் மட்டும் ஒரு வினா சிந்தனை வினா ஆகிவிடாது. ஆசிரியர் விடையை முன்னரே எழுதிக் கொடுத்த ஏன் என்னும் வினாவும் அறிவினாவே. வினாவின் தரம் அதன் சொல்லில் இல்லை. கேட்ட பின்னர் வகுப்பில் நிகழ்வதில் உள்ளது.

மூன்று நொடி

கேட்ட பின்னர் நிகழ்வதை அளந்தவர் அமெரிக்க ஆராய்ச்சியாளர் மேரி பட் ரோ அம்மையார். 1960களின் இறுதியிலும் 1970களிலும் அறிவியல் வகுப்புகளை ஒலிப்பதிவு செய்து ஆராய்ந்த அவர், வினாக் கேட்ட ஆசிரியர் விடைக்காகக் காத்திருக்கும் நேரம் சராசரியாக ஒரு நொடியளவே என்று கண்டார். அதற்குள் விடை வாராவிடில் ஆசிரியர் அடுத்த மாணவரை அழைக்கிறார், அல்லது தாமே விடை கூறுகிறார். மாணவர் விடை கூறி முடித்த பின்னரும் ஏறத்தாழ ஒரு நொடியே பொறுத்து, சரி என்றோ தவறு என்றோ தீர்ப்பளிக்கிறார்.

இவ்விரு இடங்களிலும் மூன்று நொடியோ அதற்கு மேலோ காத்திருக்கப் பழகிய ஆசிரியர் வகுப்புகளில் நேர்ந்த மாற்றம் பெரிது. விடைகள் பல மடங்கு நீண்டன. விடை கூறாது நிற்போர் குறைந்தனர். மெல்லக் கற்பவர் என்று ஒதுக்கப்பட்டோர் பேசத் தொடங்கினர். மாணவர் தாமாக வினாவுவதும் மிகுந்தது. செலவு ஏதுமின்றி, கருவி ஏதுமின்றி, வாயை மூடிக்கொண்டு மூன்று நொடி நிற்பதால் கிடைத்த பயன் இது.

1975இல் ஆங்கிலேய மொழியியலார் சிங்கிளேரும் கூல்தார்டும் வகுப்பறைப் பேச்சின் வாய்பாட்டை விளக்கினர். ஆசிரியர் வினவுகிறார், மாணவர் விடுக்கிறார், ஆசிரியர் மதிப்பிடுகிறார். மூன்றாம் படியில் சரி என்று சொல்லிவிட்டால் சிந்தனை அங்கே முடிகிறது. எவ்வாறு அறிந்தாய் என்று கேட்டால் தொடர்கிறது. நன்னூலார் விடையை எட்டாக வகுத்தபோது, வினாவையே விடையாகத் தருவதையும் ஒருவகை விடையாக வைத்தார். எதிர்வினா விடையும் ஆகும் என்பது, எழுநூறு ஆண்டுகளுக்கும் முன்னரே தமிழில் இலக்கணமாகி இருந்தது.

செங்கல் ஊரில் ஒரு பாடம்

இவற்றை ஒரு பாடத்தில் வைத்துக் காணலாம். பிரிக்பீல்ட்ஸ் என்னும் பெயர்க்குச் செங்கல் நிலம் என்பது பொருள். 1881இல் கோலாலம்பூரைத் தீயும் வெள்ளமும் அடுத்தடுத்து அழித்தன. மரமும் அத்தாப்பும் கொண்ட வீடுகள் நில்லா என்று கண்டு, 1882இல் சிலாங்கூர் ரெசிடெண்டாக வந்த பிராங்க் சுவெட்டன்ஹாம், செங்கல்லும் ஓடும் கொண்டு கட்டுமாறு பணித்தார். அதற்கான சூளைகள் அமைந்த இடமே பின்னர் அப்பெயர் பெற்றது.

இப்பாடத்தை அறிவினாவால் மட்டும் நடத்துவது எளிது. தீ எந்த ஆண்டில் நேர்ந்தது? பணித்தவர் யார்? இரண்டு சொல்லில் இரண்டு விடை வந்துவிடும். பாடம் முடியும். அவ்வினாக்கள் வேண்டாதவை அல்ல. அடித்தளம் இன்றிச் சுவர் எழாது. ஆயினும் அடித்தளத்தோடு நிறுத்திவிட்டால் அது வீடும் ஆகாது.

அடுத்து ஐயவினாவுக்குச் செல்லலாம். தீக்கு அஞ்சிச் செங்கல் வந்ததா, வெள்ளத்துக்கு அஞ்சியா? இரண்டனுள் எதனைச் செங்கல் மிகுதியாகத் தடுக்கும்? இங்கே பிள்ளைகள் இரு பக்கமாகப் பிரிவர். ஆசிரியர் மூன்று நொடி காத்திருந்து, ஒருவர் விடையை மற்றவர் முன் வைத்து, இவர் கூறுவதை நீ ஒப்புகிறாயா என்று கேட்கலாம். திகைத்து நிற்கும் சிறுமிக்குக் கொடை வினா உதவும். உன் பாட்டி வீட்டுக் கூரை எதனால் ஆனது, அது மழையில் என்ன ஆயிற்று என்று, அவள் கையில் ஒரு நூலிழையைக் கொடுப்பது அது. நன்னூலில் கொடை வினா பொருளைக் கொடுப்பதற்கு உரியது. வகுப்பறையில் அறிவின் முனையைக் கொடுப்பதற்கும் அது பொருந்தும்.

இவ்வளவும் நிகழ்ந்தால், வகுப்பின் ஒரு மூலையிலிருந்து ஒரு கை உயரக்கூடும். அச்செங்கல்லை அறுத்தவர்கள் யார், அவர்கள் எங்கே தங்கினார்கள், அவர்களுக்கு அத்தாப்பு வீடா செங்கல் வீடா என்று ஒரு சிறுவன் கேட்கக்கூடும். அது பாடநூலில் இல்லாத வினா. ஆசிரியரும் விடை அறியாதிருக்கலாம். அறியேன், தேடுவோம் என்று அவர் கூறும் அந்நொடியில் அறியா வினா ஆசிரியர்க்கும் மாணவர்க்கும் பொதுவாகிறது.

அவ்வாறு கூறும் துணிவு ஆசிரியர்க்கு எளிதில் வாராது. வகுப்பில் நாற்பது பேர், முடிக்க வேண்டிய பாடம், நிரப்ப வேண்டிய பதிவேடுகள் ஆகியவை அவரை ஒரு நொடிக்குள் அடுத்த வினாவுக்குத் துரத்துகின்றன. 1912ஆம் ஆண்டில் ஸ்டீவன்ஸ் கண்ட விரைவும் இதுவே. ஆகவே நல்ல வினாவை ஆசிரியரிடம் மட்டும் எதிர்பார்ப்பது நேர்மை ஆகாது. காத்திருக்க அவருக்கு நேரம் தர வேண்டியது கல்வித் துறையின் கடமை. இன்று என்ன விடை சொன்னாய் என்பதற்கு மாறாக, இன்று என்ன வினா கேட்டாய் என்று பிள்ளையை வினவ வேண்டியது பெற்றோரின் கடமை.

தோட்டத்துப் பள்ளி ஒற்றை அறையில் தொடங்கியது. ஏவலுக்கும் சோதனைக்கும் அங்கே வினா பயன்பட்டது. 1941இல் கிள்ளான் தொழிலாளர் தம் பிள்ளைகளுக்கு வேண்டும் என்று கேட்ட முறையான கல்வி, கட்டடமாகவும் நூலாகவும் பயிற்சி பெற்ற ஆசிரியராகவும் பெரும்பகுதி வந்து சேர்ந்துவிட்டது. மிதிவண்டியிலிருந்து இறங்கி நின்ற தந்தையின் பேரப்பிள்ளை எழுந்து நின்று, ஐயா, இஃது ஏன் இப்படி என்று அச்சமின்றிக் கேட்டு, அவ்வினாவுக்காக வகுப்பு முழுவதும் மூன்று நொடி அமைதியாகக் காத்திருக்கும்போதுதான் எஞ்சிய பகுதியும் வந்து சேரும்.